ஏலத்துக்குப் போன நாற்காலி

9 ஜூலை 1989

அன்புள்ள விதாத் அக்காவுக்கு,

தம்பி பிஷாரா எழுதுவது. கடவுள் புண்ணியத்தில் நானும் ஜுமானாவும் குழந்தைகளும் சுகம். நீயும் அன்தூன் அத்தானும் பிள்ளைகளும் அதேபோல் இருக்க வேண்டும். முழங்கால் வலி எப்படி இருக்கிறது? சிலியில், உங்கள் சாந்தியாகோவில் இப்போது குளிர்காலம். கம்பளியைச் சுற்றிக்கொள், கடையில் நின்றுகொண்டே சாகாதே.

ஃபோன் வரவில்லை என்று பதறியிருப்பாய். வெளிநாட்டு லைனை இஸ்ரேல் ராணுவம் வெட்டிவிட்டது. இங்கே தபாலில் போடும் கடிதத்தை எவனோ பிரித்துப் படித்து, மூக்கைத் துடைத்த துணி மாதிரி கசக்கித்தான் அனுப்புகிறான். பாதி போய்ச் சேருவதே இல்லை. அதனால் உறையின் பின்னால் எழுதியிருக்கும் எருசலேம் முகவரிக்கு இனி பதில் போடு. அது அம்னோன் வீடு. இந்தக் கடிதத்தையும் அவன்தான் அங்கிருந்து தபாலில் போடுகிறான்.

யூதன்தான், முகத்தைச் சுளிக்காதே. பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியார். வியாழக்கிழமைதோறும் அவனும் இன்னும் ஏழெட்டுப் பேரும் நம் வீட்டுக்கு வந்து, எங்கள் ஆட்களோடு உட்கார்ந்து பேசுகிறார்கள். ராணுவம் சோதனைக்கு வரும் என்று தெரிந்தால் நம் வீடுகளிலேயே படுத்துக்கொள்கிறார்கள். தங்கள் ஆள் உள்ளே இருக்கும்போது சிப்பாய்க்குக் கதவை உதைக்கக் கொஞ்சம் கூச்சமாம்.

அவன் செய்த கூத்தைக் கேள். பக்கத்து வீட்டு ஹன்னாவின் லாரி, கசாப்புக்கடை அபூ ஜமீலின் மதிலை இடித்துவிட்டது. மன்னிப்புக் கேட்கப் பெரியவர்களைக் கூட்டிக்கொண்டு போனோம். வேடிக்கை பார்க்க அம்னோனும் வந்தான். காப்பி வந்தது. எல்லாரும் வழக்கப்படி கோப்பையைத் தொடாமல் கீழே வைத்தோம். 'வந்த காரியம் முடிஞ்சுது, மன்னிச்சாச்சு, குடிங்க' என்று அபூ ஜமீல் சொன்னால்தானே குடிக்கலாம்? அவரோ மீசையை முறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். இவன் ஒரே மடக்கில் குடித்துவிட்டு, "ஆகா, ஏலக்காய் பிரமாதம்!" என்றான். அபூ ஜமீல் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். "யூதன் குடிச்சிட்டான், இனிமே நான் என்னத்தப் பண்ண? குடிங்கடா எல்லாரும்!" மதில் சண்டை அதோடு முடிந்தது.

ஊரில் யாரும் வரி கட்டுவதில்லை என்று முடிவு. எங்கள் காசில் தோட்டா வாங்கி எங்கள் பிள்ளைகளைச் சுடுவதற்கு நாங்கள் ஏன் கொடுக்க வேண்டும்? கல் எறியவில்லை, யாரையும் அடிக்கவில்லை. கட்டமாட்டோம் என்கிறோம், அவ்வளவுதான். அதுதான் அவர்களுக்கு எரிகிறது.

அத்தானுக்கு என் வணக்கம். பிள்ளைகளுக்கு முத்தம்.

பிஷாரா

*

2 ஆகஸ்ட் 1989

என் ஆசைத் தம்பிக்கு,

அக்கா எழுதுவது. உன் கடிதத்தைப் படித்துவிட்டு அழுதேன், பிறகு அந்தக் காப்பிக் கதைக்குச் சிரித்தேன். அத்தானுக்கு ரத்த அழுத்தம் கூடியிருக்கிறது. உப்பைக் குறை என்றால் மனைவியைக் குறைக்கிறேன் என்கிறார். முழங்காலைப் பற்றிக் கேட்காதே.

வரி விஷயம். கோபப்படாமல் படி. கட்டித் தொலைத்துவிடேன். இங்கே பதினாறு வருஷமாகப் பட்டாளத்தான் ஆட்சிதான். அவன் கேட்டதைக் கொடுத்துவிட்டு, வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு திட்டுகிறோம். உயிரோடு இருக்கிறோம். வீரம் எல்லாம் கல்யாணம் ஆகாதவர்களுக்கு. உனக்கு மூன்று குழந்தைகள்.

பொருளை அள்ளிக்கொண்டு போகிறார்கள் என்று இங்கே நம் ஊர்க்காரர்கள் பேசிக்கொள்கிறார்கள். உன் கிளினிக் நாற்காலி பத்திரமா? அது உன் நாற்காலி என்று நினைத்துக்கொண்டிருக்கிறாய். என் கல்யாண வளையல் ஆறும் அதற்குள்தான் உட்கார்ந்திருக்கின்றன. நீ பல் டாக்டருக்குப் படித்து முடித்து வெறுங்கையோடு நின்றபோது, விற்று வாங்கிக்கொள் என்று கழற்றிக் கொடுத்தேன். அப்புறம் போட்டுக்கொள்ளவே இல்லை. சொல்லிக்காட்டவில்லை. சரி, சொல்லித்தான் காட்டுகிறேன்.

அந்த வாத்தியாருக்கு என் நன்றியைச் சொல். அவர் வீட்டு விலாசத்தைச் சமையலறைச் சுவரில் ஒட்டி வைத்திருக்கிறேன்.

உன் நெற்றியில் முத்தத்தோடு,
விதாத்

*

24 செப்டம்பர் 1989

அன்புள்ள அக்காவுக்கு,

அத்தானின் ரத்த அழுத்தம் இறங்கியதா? நாங்கள் உயிரோடு இருக்கிறோம். சுகம் என்று எழுதக் கை வரவில்லை.

நாற்காலி போய்விட்டது.

புதன்கிழமை காலை ஊரடங்கு போட்டுவிட்டு வந்தார்கள். ஒரு வரி அதிகாரி, கூட ஒரு கூட்டம் சிப்பாய்கள். ஒருத்தனுக்கும் மீசை சரியாக முளைக்கவில்லை. சூரியகாந்தி விதையைக் கொறித்துக் கொறித்து, தோலை என் கிளினிக் தரை முழுக்கத் துப்பினார்கள். நோயாளிகள் வாய் கொப்பளிக்கிற பேசினில் ஒருவன் மூத்திரம் பெய்தான். அக்கா, சீழும் சொத்தையும் அழுகிய ஈறும் பார்த்துப் பிழைக்கிறவன் நான். எந்த வாயைத் திறந்தும் எனக்குக் குமட்டியதில்லை. அன்றைக்குக் குமட்டியது.

நாற்காலியைத் திருகு கழற்றித் தூக்கும்போது அந்த அதிகாரி கன்னத்தைப் பிடித்துக்கொண்டு என் பக்கத்தில் வந்தான்.

"டாக்டர், ரெண்டு ராத்திரியா தூக்கமில்ல. இந்தக் கடைவாய்ப் பல்லக் கொஞ்சம் பாருங்களேன்."

"தாராளமா. நாற்காலியக் கீழ வைக்கச் சொல்லுங்க, உக்காருங்க, பாக்கறேன்."

"அது முடியாது. அது இப்ப அரசாங்கச் சொத்து."

"உங்க பல்லும் அரசாங்கச் சொத்துதானே? அங்கயே கொண்டுபோய்க் காட்டுங்க."

ஒரு சிப்பாய் சிரித்துவிட்டான். அவன் சிரித்ததற்கு எனக்கு விலாவில் ஒரு குத்து விழுந்தது.

அபூ ஜமீல் கடையில் குளிர்பெட்டியை எடுத்தார்கள். உள்ளே இருந்த ஆட்டிறைச்சியை ரோட்டில் கொட்டிவிட்டுப் போனார்கள். ஊரடங்கில் யாரும் வெளியே வந்து அள்ள முடியாது. மூன்று நாள் வெயிலில் கிடந்தது. அந்த நாற்றம் இன்னும் என் சட்டையில் இருக்கிறது.

எல்லாவற்றையும் விமான நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு மைதானத்தில் குவித்து ஏலம் விடப்போகிறார்களாம். அம்னோன் பத்திரிகையில் பார்த்துச் சொன்னான். ஊரடங்கு தளர்ந்ததும் மாதா கோயில் மண்டபத்தில் கூடினோம். ஏலத்தில் கொடுக்கிற காசும் அந்த ராணுவத்துக்குத்தான் போகும், அதுவும் வரிதான். ஆகவே யாரும் ஏலத்துக்குப் போவதில்லை. வேறு யாராவது நமக்காக மீட்டு வந்தாலும் அந்தப் பொருள் வாசல்படி தாண்டக்கூடாது. எல்லாரும் கையை உயர்த்தினார்கள். முதலில் உயர்ந்த கை என்னுடையது. அம்னோனும் அங்கேதான் இருந்தான்.

உன் வளையலை நினைத்துக்கொண்டேதான் கையைத் தூக்கினேன். மன்னித்துக்கொள்.

இப்போது நோயாளிகளைச் சமையலறை நாற்காலியில் உட்கார வைக்கிறேன். ஜுமானா பின்னால் நின்று தலையைத் தன் வயிற்றோடு சேர்த்துப் பிடித்துக்கொள்கிறாள். அபூ ஜமீல் தன் பல்லைப் பிடுங்கக் கொடுத்துவிட்டு, "இந்த வைத்தியம் முன்னதவிட நல்லாயிருக்கே டாக்டர்" என்கிறார். அவளிடம் அடி வாங்காமல் தப்பினார்.

எல்லாருக்கும் எங்கள் அன்பு.

பிஷாரா

*

15 அக்டோபர் 1989

தம்பிக்கு,

நாங்கள் நலம். விலா வலித்தால் கட்டுப்போட்டுக்கொள். நீ டாக்டர், உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

உன் கடிதத்தை அத்தானுக்குப் படித்துக் காட்டவில்லை. பேசினைப் பற்றி எழுதியிருந்தாயே, அதை மட்டும் சொன்னேன். அவர் எழுந்து போய்க் கையைக் கழுவிவிட்டு வந்தார்.

நாற்காலியைப் பற்றி ஒன்றும் எழுத வேண்டாம் என்று இருக்கிறேன். நீ செய்தது சரியாகத்தான் இருக்கும். ஊர் முடிவு ஊருக்கு. நான் ஊரில் இல்லையே.

ஒன்று மட்டும் கேட்கிறேன். அந்த அம்னோன் நல்லவர்தானே? வாக்குக் கொடுத்தால் காப்பாற்றுகிற ஆளா? சும்மாதான் கேட்டேன். நம் கடிதமெல்லாம் அவர் கை வழியாகப் போகிறதே, அதற்காக.

இங்கே எலுமிச்சை பூத்திருக்கிறது. வேறு விசேஷம் இல்லை.

அன்புடன்,
விதாத்

*

20 நவம்பர் 1989

அன்புள்ள அக்காவுக்கு,

நலமா? எங்களைக் கேட்காதே. இந்தக் கடிதம் பாதிரியார் மிக்காயேல் சட்டைப்பைக்குள் ஜோர்டானின் அம்மான் நகரத்துக்குப் போய், அங்கிருந்து வருகிறது. அவர் எப்போது கிளம்புவாரோ, எப்போது உன் கைக்கு வருமோ தெரியாது. எருசலேம் முகவரிக்கு இனி எழுதாதே. கீழே அம்மான் கன்னியர் மடத்து விலாசம் இருக்கிறது, அதற்கு எழுது. அந்த நாய் கையால் வரும் காகிதம் எனக்கு வேண்டாம்.

நேற்று ஞாயிற்றுக்கிழமை. பூசை முடிந்து ஊரே வெளியே வருகிறது. எதிரே ஒரு திறந்த லாரி. அதன்மேல் கயிறு கட்டி, சிம்மாசனம் மாதிரி என் நாற்காலி. பக்கத்தில் கல்யாண மாப்பிள்ளைபோல் சிரித்துக்கொண்டு அம்னோன்.

"பிஷாரா! பார், கிடைச்சிடுச்சு!"

எல்லாரும் என்னைத்தான் பார்த்தார்கள். தையல்காரி நஸீரா மட்டும் வாய்விட்டுச் சொன்னாள். "டாக்டருக்கு நாற்காலி வந்திருச்சு. என் தையல் மிஷினுக்கு எந்த யூதன் வருவான்?"

அக்கா, நானே ரகசியமாகச் சொல்லி வாங்க வைத்தேன் என்று ஊர் நினைக்கிறது. முதலில் கையைத் தூக்கியவன் நான்.

"யாரு காசு?" என்று கேட்டேன்.

அவன் சிரிப்பு அணைந்தது. கொஞ்சம் யோசித்து, "என்னோடதுதான்" என்றான்.

"மண்டபத்துல நீயும்தானே இருந்த? காதுல என்ன, ஈயமா ஊத்தியிருந்த? யாருக்குக் கொடுத்திருக்க தெரியுமா அந்தக் காச? நாளைக்கு எங்க தெருவுல வெடிக்கிற ஒவ்வொரு புகைக்குண்டுலயும் உன் பேர் எழுதியிருக்கும்!"

"நான் நினைச்சேன்..."

"நீ நினைக்கவே வேணாம். உங்க ஆளுக எடுக்கறாங்க, நீ திருப்பித் தர்ற. எடுக்கறதும் நீங்கதான், தர்றதும் நீங்கதான். நாங்க கைய நீட்டி நிக்கணும், இல்ல? போடா நாயே. இந்த ஊர்ல உனக்கு இனிமே ஒரு வாய் காப்பி கிடையாது."

கூட்டம் ஆமோதித்தது. அபூ ஜமீல் என் தோளில் தட்டினார். அந்தத் தட்டல் எனக்கு இனித்தது, அதையும் எழுதிவிடுகிறேன். அம்னோன் நாற்காலியைத் தனியாகவே லாரியிலிருந்து இறக்கி, கிளினிக் எதிரே தெருவில் வைத்துவிட்டுப் போனான். நான் அதைத் தொடவில்லை. இன்று மழை. நனைகிறது. வியாழக்கிழமைக் கூட்டமும் முடிந்தது.

உன் வளையலை அவன் இரண்டாம் தடவை விற்றுவிட்டான் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

பிஷாரா

*

26 நவம்பர் 1989

என் கண்ணே, பிஷாராவுக்கு,

எல்லாரும் சுகம் என்று நம்புகிறேன். உன்னிடமிருந்து கடிதம் வந்து வெகுநாள் ஆகிறது. வழக்கம்போல் எருசலேம் முகவரிக்கே எழுதுகிறேன்.

இதற்குள் நாற்காலி வந்திருக்கும். சந்தோஷமா, கோபமா? உனக்குச் சொல்லாமல் ஒரு காரியம் செய்தேன். அம்னோனுக்கு நான்தான் தந்தி அடித்தேன், பணமும் அனுப்பினேன். ஊர் முடிவு இது, நான் செய்யக்கூடாது என்று அந்த மனுஷன் இரண்டு முறை மறுத்துத் தந்தி அடித்தார். மூன்றாவது தந்தியில் வளையல் கதையைச் சொல்லி அழுதேன். சரி என்றார். என் பெயரைச் சொல்லக்கூடாது, சொன்னால் தம்பி வாங்கமாட்டான் என்று சத்தியம் வாங்கிக்கொண்டேன்.

சிப்பாய் மூத்திரம் பெய்த கிளினிக்கிலிருந்து போன என் நாற்காலியில் எவனோ ஒரு அந்நியன் உட்கார்ந்து வாயைத் திறப்பான் என்று நினைத்தபோது எனக்குத் தாங்கவில்லை. வேறு காரணம் ஒன்றும் இல்லை.

உன்னிடம் மறைத்துப் பழக்கமில்லை, தூக்கம் வரவில்லை. அதனால் எழுதிவிட்டேன். திட்டுவதானால் என்னைத் திட்டு. அந்த மனுஷனுக்கு நல்ல காப்பி போட்டுக் கொடு.

அக்கா

*

18 டிசம்பர் 1989

மரியாதைக்குரிய விதாத் அம்மையாருக்கு,

நலமாக இருக்கிறீர்கள் என்று நம்புகிறேன். உங்கள் கணவரின் உடல்நிலை தேறியிருக்கும்.

நீங்கள் கேட்டுக்கொண்டபடி உங்கள் பெயரைச் சொல்லவில்லை. உங்கள் தம்பி நலம். நாற்காலியை அவர் ஏற்கவில்லை. அவர் செய்தது சரி. ஊர் முடிவை அறிந்திருந்தும் செய்தது நான். இரவில் கொண்டுபோயிருந்தால் அவருக்கு அவமானமாவது குறைந்திருக்கும். பகலில், எல்லாரும் மகிழ்வார்கள் என்று நினைத்துப் போனேன்.

அவருக்கு நீங்கள் எழுதிய கடிதம் என் வீட்டுக்கு வந்தது. கொண்டுபோனேன். கதவு திறக்கவில்லை. மாடி ஜன்னலிலிருந்து அவர் பார்ப்பதைப் பார்த்தேன். வேறு யார் கையிலும் கொடுக்க மனமில்லை, திரும்பிவிட்டேன். பிரிக்காமல் வைத்திருக்கிறேன்.

நாளை முதல் கொஞ்ச காலம் வீட்டில் இருக்கமாட்டேன். அவர்கள் ஊர்ப் பக்கம் காவலுக்கு வரும்படி, இங்குள்ள எல்லா ஆண்களையும் அழைப்பதுபோல், ராணுவம் என்னையும் அழைத்திருக்கிறது. போகமாட்டேன் என்று எழுதிக் கொடுத்துவிட்டேன். அதற்குச் சிறை. உங்கள் கடிதங்களை என் மனைவி ரினா பத்திரமாக வைப்பாள்.

வணக்கத்துடன்,
அம்னோன்

*

8 ஜனவரி 1990

அன்புள்ள அக்காவுக்கு,

நேற்று நம் ஆர்த்தடாக்ஸ் சபைக்குக் கிறிஸ்து பிறப்பு. உனக்கும் அத்தானுக்கும் பிள்ளைகளுக்கும் எங்கள் வாழ்த்து. உன்னிடமிருந்து ஒரு வரியும் இல்லை. பாதிரியார் மிக்காயேல் போன கடிதத்தைச் சட்டைப்பையிலேயே வைத்துத் துவைத்துவிட்டாரோ என்னவோ. கோபமா? நாற்காலி போனதற்காக என்றால், இன்னும் கொஞ்சம் கோபத்தை மிச்சம் வை.

அந்த நாற்காலியை மறுபடியும் எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

தெருவில்தான் கிடந்தது. பூனை குட்டி போட்டிருந்தது. சிவப்பு ரெக்ஸின் கிழிந்து பஞ்சு வெளியே தள்ளியிருந்தது. அதே வரி அதிகாரி வந்தான், கன்னம் இன்னும் வீங்கித்தான் இருந்தது. "டாக்டர், உங்க பாக்கி இன்னும் நிக்குது" என்றான். பூனைக்குட்டிகளை உதறித் தள்ளிவிட்டு லாரியில் ஏற்றினார்கள். பழைய பாக்கிக்கு ஒரு தடவை எடுத்து விற்று, விற்ற காசையும் வாங்கி, அதே பாக்கிக்கு அதே பொருளை இன்னொரு தடவை! வாந்தி எடுத்தவனே அதை அள்ளித் தின்பதை நான் பார்த்ததில்லை. அன்று பார்த்தேன்.

அம்னோனைப் பற்றியும் செய்தி உண்டு. டிசம்பரில் ஒருநாள் கையில் எதையோ வைத்துக்கொண்டு வாசலில் நின்றான். மாடியிலிருந்து பார்த்தேன், இறங்கவில்லை. ஜுமானா, "போய் என்னன்னுதான் கேளேன், அந்த மனுஷன் நனையறாரு" என்றாள். "நனையட்டும். நாற்காலியும் நனைஞ்சுதுல்ல" என்றேன். இரண்டு நாள் அவள் என்னோடு பேசவில்லை. பிறகு ஹன்னா வந்து சொன்னான், அவனை ராணுவம் கூப்பிட்டிருக்கிறதாம், ஆளை மூன்று வாரமாகக் காணவில்லையாம். உடுப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டான் என்றுதான் அர்த்தம். வியாழக்கிழமை நம் வீட்டு ஏலக்காய்க் காப்பி, வெள்ளிக்கிழமை துப்பாக்கி. வெளியே வெள்ளையாய், உள்ளே சொத்தையாய் இருக்கிற பல்லைத்தான் கண்டுபிடிப்பது கஷ்டம். இத்தனை வருஷத் தொழிலில் நான் ஏமாந்த பல் இது ஒன்றுதான்.

எழுது அக்கா. திட்டியாவது எழுது.

பிஷாரா

*

30 ஜனவரி 1990

பிஷாரா,

நலம் விசாரிக்க நேரமில்லை. நவம்பரில் நீ எழுதியது நேற்றுத்தான் அம்மானிலிருந்து வந்தது. இதை அம்மானுக்கே போடுகிறேன். எத்தனை நாள் ஆகுமோ.

அந்தப் பணம் என்னுடையது. என் கடிதம் உனக்குக் கிடைக்கவே இல்லையா? அவர் வேண்டாம் வேண்டாம் என்றுதான் சொன்னார். நான்தான் அழுது, சத்தியம் வாங்கி, வாயைக் கட்டிப்போட்டேன். நீ ஊர் நடுவில் அவரை நாய் என்று விரட்டியபோதும் என் பெயரைச் சொல்லவில்லை, பார்த்தாயா?

டிசம்பரில் அவர் உன் வாசலில் வந்து நின்றது என் கடிதத்தைக் கொடுக்கத்தான். உங்கள் ஊருக்குத் துப்பாக்கி தூக்கி வரமாட்டேன் என்று சொல்லி ஜெயிலுக்குப் போயிருக்கிறார் அந்த மனுஷன். அவரே எனக்கு எழுதினார். அதிலும் 'அவர் செய்தது சரி' என்று உன்னைத்தான் சொல்கிறார். படித்துவிட்டு என் முகத்தைக் கண்ணாடியில் பார்க்கப் பிடிக்கவில்லை.

போ. அவர் வீட்டுக்குப் போ.

விதாத்

*

16 மார்ச் 1990, வெள்ளிக்கிழமை

அன்புள்ள அக்காவுக்கு,

நீங்கள் எல்லாரும் நலம்தானே? அங்கே பட்டாளத்தான் ஆட்சி முடிந்து புது ஆள் பதவிக்கு வந்துவிட்டாராமே, அத்தானுக்கு வாழ்த்துச் சொல். இங்கே எங்களுக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை.

உன் கடிதம் பிப்ரவரி கடைசியில் வந்தது. உன்மேல் கோபம் இல்லை என்று எழுதினால் பொய். கிடைத்த கோப்பையைச் சுவரில் அடித்தேன். உன் வளையல் ராணுவத்துக்கு இரண்டு தடவை தீனி போட்டது. ஆனால் என்மேல் எனக்கு வந்த அருவருப்புக்கு முன்னால் உன்மேல் வந்தது ஒன்றுமே இல்லை. மாடியில் நின்று பார்த்தேனே, அதுதான் திரும்பத் திரும்பக் கண்ணில் நிற்கிறது.

அபூ ஜமீலிடம் போய் எல்லாவற்றையும் சொன்னேன். "உன் அக்காவா?" என்று கேட்டுவிட்டுக் காறித் துப்பினார். யார்மேல் என்று தெரியவில்லை. பிறகு உள்ளே போய், கல்யாணத்துக்குப் போடும் கோட்டை மாட்டிக்கொண்டு வந்தார். "மன்னிப்புக் கேக்கப் போறப்ப ஒத்த ஆளாப் போறது நம்ம வழக்கமா? நட."

பாதிரியாரையும் சேர்த்து மூன்று பேர் போனோம். மூன்றாவது மாடி. கதவைத் திறந்த அவன் மனைவி ரினா எங்களைப் பார்த்து விலகவில்லை.

"இப்ப எதுக்கு வந்தீங்க? இந்தக் கட்டடத்துல இருக்கறவங்க எங்க கதவுல துரோகின்னு எழுதிட்டுப் போறாங்க. உங்க ஊருக்கு வந்தா நாயின்னு சொல்றீங்க. இவரு எங்கதான் போய் உக்காரணும், சொல்லுங்க."

உள்ளிருந்து அம்னோன் வந்து, "விடு ரினா" என்றான். மெலிந்திருக்கிறான். இரண்டு தடவை உள்ளே வைத்தார்களாம். உன் நவம்பர் கடிதத்தை எடுத்து என் கையில் கொடுத்தான். பிரிக்காமல் அப்படியே இருந்தது.

ரினா காப்பி கொண்டு வந்தாள். கோபத்தோடு வைத்தாலும் ஏலக்காய் போட்டிருந்தாள். நாங்கள் மூன்று பேரும் கோப்பையைத் தொடாமல் மேசைமேல் வைத்தோம். அம்னோன் அந்தக் கோப்பைகளையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்குத் தெரியும். அபூ ஜமீல் வீட்டில் அன்று அவனைக் கிண்டல் பண்ணியே சொல்லிக்கொடுத்தோமே.

அபூ ஜமீல்தான் ஆரம்பித்தார். "வாத்தியாரே, தப்பு எங்க மேல. டாக்டர் வார்த்தைய விட்டுட்டான். நாங்களும் பாத்துக்கிட்டு நின்னோம். பெரிய மனசு பண்ணுங்க."

அம்னோன் அவரைப் பார்க்காமல் என்னிடம் கேட்டான்.

"பிஷாரா, அந்தக் காசு என்னோடதாவே இருந்திருந்தா, இந்தப் படியேறி வந்திருப்பியா?"

சத்தியமாகச் சொல்கிறேன் அக்கா, ஒரு பொய் நாக்கு நுனிவரைக்கும் வந்தது. ஊர் நடுவில் என் பெயரைக் காப்பாற்றிக்கொள்ளத்தான் அவனை அவ்வளவு கேவலமாகப் பேசினேன். நாற்காலியை வேண்டாம் என்றது சரிதான். அதை இன்றைக்கும் வேண்டாம் என்றுதான் சொல்வேன். அதற்கு அவனை நாயாக்க வேண்டியிருந்ததா?

"வந்திருக்கமாட்டேன்" என்றேன்.

"சரி" என்றான். குடிங்க என்று மட்டும் சொல்லவில்லை. பாதிரியார் வானிலையைப் பற்றிப் பேசினார். காப்பி ஆறிப்போனது. எழுந்து வந்தோம். படியிறங்கும்போது அபூ ஜமீல் முனகினார். "பயல் நம்ம வழக்கத்த நம்மளவிட நல்லாக் கத்துக்கிட்டான்."

போன வெள்ளிக்கிழமையும் போனோம். அப்போதும் காப்பி வந்தது, ஆறியது. மண்டபத்தில் கூட்டம் போட்டு நடந்ததை ஊருக்குச் சொல்லிவிட்டேன், உன் பெயரையும் சேர்த்து. மறைத்தால் அழுகும். நஸீரா, "அப்ப அந்த வாத்தியார் வியாழக்கிழம வருவாரா, மாட்டாரா?" என்று கேட்டாள். தெரியாது என்றேன்.

இன்று நான் மட்டும் வந்திருக்கிறேன். அபூ ஜமீலுக்கு மூட்டு வலி, மூன்று மாடி ஏற முடியவில்லை. இதை அம்னோன் வீட்டு மேசையில் உட்கார்ந்துதான் எழுதுகிறேன். எனக்குக் கடிதம் எழுதத் தாள் கொடுத்ததும் அவன்தான். எதிரே உட்கார்ந்து பிள்ளைகளின் கணக்கு நோட்டைத் திருத்திக்கொண்டிருக்கிறான். எங்கள் நடுவில் கோப்பை இருக்கிறது. ஆவி நின்று கொஞ்ச நேரம் ஆகிறது.

நீயும் அவனுக்கு எழுது. அவன் பதில் போடும்வரை உன் வீட்டுக் காப்பியை நீயும் தொடாதே. அத்தானுக்கு வணக்கம், பிள்ளைகளுக்கு முத்தம். முழங்காலைப் பார்த்துக்கொள்.

உறையில் ஒட்டுவதற்கு முத்திரை எடுத்து வந்து வைத்துவிட்டு, "சீக்கிரம் முடி, தபால் பெட்டியத் திறக்கற நேரமாச்சு. நான் போய்ப் போட்டுட்டு வர்றேன்" என்கிறான். காப்பியைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

உன் தம்பி,
பிஷாரா